பறிக்கும் நாளில் முடிவாகும் சுவை

தர்மபுரி மாவட்டத்துக்காரர்களுக்கு மாம்பழத்தைப் பற்றி யாரும் பாடம் சொல்ல வேண்டியதில்லை. முற்றிய காயைப் பறித்து வைக்கோலுக்குள் வைத்தால் சில நாட்களில் தோல் மஞ்சளாகும், சதை இளகும், வீடெல்லாம் மணக்கும் என்பது இங்கே குழந்தைக்கும் தெரியும். வாழைத்தாரையும் காயாக வெட்டித்தான் பழுக்க வைக்கிறோம். இந்தப் பழக்கம் நம் மனத்தில் எல்லாப் பழங்களுக்குமான பொதுவிதியாக ஊறிவிட்டது. கடத்தூர்க் கடைத்தெருவில் தள்ளுவண்டியில் குவிந்திருக்கும் சாத்துக்குடியையும் கமலா ஆரஞ்சையும் பார்க்கும்போதும் அதே விதியைத்தான் பொருத்திப் பார்க்கிறோம். பச்சையாக இருந்தால் காய், மஞ்சளாக இருந்தால் பழம், இன்று புளித்தாலும் நாலு நாள் வைத்திருந்தால் இனித்துவிடும் என்று நினைக்கிறோம். எலுமிச்சைக் குடும்பத்தைப் பொறுத்தவரை இந்த எண்ணங்கள் எதையும் நம்பிப் பழம் வாங்க முடியாது. சாத்துக்குடி, கமலா, எலுமிச்சை, நாரத்தை, பம்ப்ளிமாஸ் எதுவுமே மரத்தை விட்டு இறங்கிய பிறகு பழுப்பதில்லை. மாதக்கணக்கில் மரத்தில் மெல்ல மெல்ல மாறிவரும் அவற்றின் தரம், பறிக்கிற நாளில் முடிவாகிவிடுகிறது. ஆகவே நிறத்தைப் பார்த்து விலை சொல்லும் வழக்கத்தை விட்டுவிட்டு, பருவத்தையும் சாற்றையும் பார்த்து விலை சொல்லும் வழக்கத்துக்கு நாம் மாற வேண்டும். விளைவிப்பவருக்கும் விற்பவருக்கும் வாங்குபவருக்கும் அதுதான் நியாயம்.

மாங்காய்க்கும் சாத்துக்குடிக்கும் உள்ள வேறுபாடு உள்ளிருப்பில்தான் தொடங்குகிறது. முற்றிய மாங்காயின் சதையில் மாவுச்சத்து நிறைய இருக்கிறது. பறித்த பின் அந்தக் காய் எத்திலீன் என்னும் வாயுவைத் தானே வெளியிடும். அதன் சுவாசம் திடீரென்று வேகமெடுக்கும். மாவுச்சத்து உடைந்து சர்க்கரையாகும். வாழைக்கும் சப்போட்டாவுக்கும் இதே கதைதான். எலுமிச்சைக் குடும்பத்துப் பழங்களின் சாற்றுப் பைகளிலோ, பின்னால் சர்க்கரையாக மாறுவதற்கென்று சேர்த்து வைத்த மாவுச்சத்து இல்லை. அவற்றின் சர்க்கரை முழுவதும் இலைகளில் உருவாகிக் காம்பு வழியாகவே பழத்துக்குள் வருகிறது. காம்பை வெட்டிய நொடியில் அந்த வரத்து நின்றுவிடுகிறது. சுவாசம் வேகமெடுக்கும் கட்டமும் இந்தப் பழங்களுக்குக் கிடையாது. எவ்வளவு நாள் வைத்திருந்தாலும், எந்த மருந்து அடித்தாலும், எந்த அறையில் பூட்டி வைத்தாலும், பறித்த அன்று இருந்ததை விட ஒரு துளி சர்க்கரை கூட அதிகமாகாது.

மரத்தில் இருக்கும்போது நடப்பது என்ன? ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த பெய்ன் என்ற தாவரவியலாளர் வாலென்சியா ஆரஞ்சுப் பழத்தின் வளர்ச்சியைத் தொடர்ந்து ஆராய்ந்து 1958-இல் அதை மூன்று கட்டங்களாகப் பிரித்துக் காட்டினார். இன்றும் உலகெங்கும் அந்தப் பிரிவையே பின்பற்றுகிறார்கள். பூ உதிர்ந்து பிஞ்சு பிடித்த முதல் கட்டத்தில் செல்கள் பெருகுகின்றன. அப்போது பெரிதாவது பெரும்பாலும் தோல்தான். பிஞ்சை வெட்டினால் தடித்த தோலும் நடுவில் சிறு சுளைகளும் தெரியும். இரண்டாம் கட்டத்தில் சாற்றுப் பைகளுக்குள் நீர் ஏறி, பழம் உப்புகிறது. தோல் மெலிகிறது. மூன்றாம் கட்டத்தில் வளர்ச்சி தணிந்து முதிர்ச்சி வருகிறது. நம் பக்கத்துச் சாத்துக்குடியில் ஜனவரி, பிப்ரவரி மாதங்களில் பூத்த பூ கோடையில் பிஞ்சாக நிற்கும். தென்மேற்குப் பருவமழை நாட்களில் உப்பத் தொடங்கும். முதிர்ச்சி என்று சொல்லத்தக்க நிலையை எட்ட ஒன்பது மாதம் வரை ஆகும். அந்தக் கணக்குப்படி ஜூலையில் பறித்த சாத்துக்குடிக்கும் அக்டோபரில் பறித்த சாத்துக்குடிக்கும் அளவில் பெரிய வித்தியாசம் தெரியாவிட்டாலும், உள்ளே இருப்பது வேறு வேறு சாறு.

சுவையைத் தீர்மானிப்பவை சர்க்கரையும் சிட்ரிக் அமிலமும். அமிலம் முதலில் வந்துவிடுகிறது. பழம் சிறியதாக இருக்கும்போதே சாற்றுப் பைகளில் அது குவிகிறது. பிறகு பழம் நீரேறிப் பருக்கும்போது நீர்த்துப்போகிறது. முதிர்ச்சிக் கட்டத்தில் பழமே தன் சுவாசத்துக்காக அதைச் செலவழித்தும் விடுகிறது. சர்க்கரை இதற்கு நேர்மாறாக, பின்னால் வந்து மெதுவாக ஏறுகிறது. சாற்றில் கரைந்திருக்கும் பொருள்களின் அளவைப் பிரிக்ஸ் என்ற அலகால் சொல்வார்கள். அதில் முக்கால் பங்குக்கு மேல் சர்க்கரைதான். ஒரு ஆரஞ்சில் பிரிக்ஸ் 8, அமிலம் 1.6 சதவீதம் என்றால் சர்க்கரை அமிலத்தைப் போல ஐந்து மடங்கு. அதைக் கடித்தால் பல் கூசும். அதே பழத்தை இன்னும் சில வாரம் விட்டு, பிரிக்ஸ் 10-க்கு ஏறி அமிலம் 0.8-க்கு இறங்கினால் விகிதம் பன்னிரண்டரை. அது இனிப்பும் புளிப்பும் சேர்ந்த நல்ல பழம். இந்தக் கணக்கில் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. சர்க்கரை கால் பங்குதான் கூடியிருக்கிறது. அமிலமோ பாதியாகக் குறைந்திருக்கிறது. பழம் இனித்துவிட்டது என்று நாம் சொல்வதில் பெரும்பங்கு புளிப்பு விலகியதால் வந்தது.

அப்படியானால் அந்த விகிதம் ஒன்றையே அளவுகோலாக வைத்துக்கொள்ளலாமே என்று தோன்றும். கலிபோர்னியாவில் நெடுங்காலம் அப்படித்தான் வைத்திருந்தார்கள். சர்க்கரை அமிலத்தைப் போல எட்டு மடங்கு இருந்தால் பறிக்கலாம் என்பது அங்கே சட்டமாக இருந்தது. ஆனால் பிரிக்ஸ் 6, அமிலம் 0.4 உள்ள பழத்துக்கு விகிதம் பதினைந்து. கணக்கில் அது தேறிவிடும், நாக்கிலோ சப்பென்றிருக்கும். அதனால் 2012-இல் நேவல் ஆரஞ்சுக்கு வேறு அளவுகோலைக் கொண்டுவந்தார்கள். அமிலத்தை நான்கால் பெருக்கிப் பிரிக்ஸிலிருந்து கழித்து, மீதியைப் பார்க்கும் முறை அது. நாக்கு உணரும் இனிப்புக்கு அது இன்னும் நெருக்கமானது. நம் ஊர் வெயிலுக்கு இந்தப் பாடம் மிகவும் பொருந்தும். வெப்பம் கூடக்கூட அமிலம் வேகமாகக் கரைகிறது. வாலென்சியா ஆரஞ்சு வெப்பமண்டலத் தாழ்நிலங்களில் எட்டு மாதத்துக்குள் முதிர்ந்துவிடும். குளிர்ந்த கலிபோர்னியக் கடலோரத்தில் அதே ஆரஞ்சுக்கு ஓராண்டுக்கு மேல் ஆகும். சூடான சமவெளியில் பழம் விரைவில் முதிர்கிறது, அதேபோல் விரைவில் புளிப்பை இழந்து சப்பையும் ஆகிவிடுகிறது. நல்ல பழத்துக்கான நாட்கள் இங்கே குறைவு என்பதால், பறிக்கும் நாளைத் தேர்ந்தெடுப்பது இங்கே இன்னும் முக்கியமாகிறது.

கசப்பும் பருவத்தோடு சேர்ந்தது. சாத்துக்குடியைப் பிழிந்து உடனே குடித்தால் இனிக்கிறது, அரைமணி நேரம் வைத்துக் குடித்தால் கசக்கிறது என்று சாறு கடைகளில் பலரும் குறை சொல்வதுண்டு. கடைக்காரர் மேல் பழிபோட அவசியமில்லை. பழத்தின் திசுக்களில் கசப்பில்லாத ஒரு சேர்மம் இருக்கிறது. பிழிந்ததும் அது சாற்றின் அமிலத்தோடு சேர்ந்து, மெல்ல மெல்ல லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாறுகிறது. முதிராத பழத்தில் அந்தச் சேர்மம் அதிகம், முதிர முதிரக் குறைகிறது. பருவத்துக்கு முன் பறித்த பழத்தின் சாறு அதிகம் கசப்பதற்கு இதுவே காரணம். வைட்டமின் சி விஷயத்தில் மட்டும் முதிர்ச்சியால் சிறு இழப்பு உண்டு. ஆரஞ்சில் நூறு கிராமுக்குச் சுமார் ஐம்பது மில்லிகிராம் இருக்கும் அந்தச் சத்து, பழம் முதிரும்போது சற்றே குறைகிறது. அதற்காகப் புளிக்கும் காயைச் சாப்பிடத் தேவையில்லை. நன்றாக முதிர்ந்த பழத்திலும் ஒரு நாளைக்குப் போதுமான அளவு இருக்கிறது.

இனி நிறத்துக்கு வருவோம். தோலின் பச்சைக்குக் காரணம் பச்சையம். ஆரஞ்சு நிறத்துக்குக் காரணம் கரோட்டினாய்டுகள். பச்சையம் சிதைந்து கரோட்டினாய்டு வெளித்தெரியக் குளிர்ந்த இரவுகள் தேவை. வெப்பம் 13 டிகிரி செல்சியஸை ஒட்டி இறங்கும் இரவுகள் தொடர்ந்து கிடைத்தால்தான் தோல் முழுமையாக நிறமேறும். உள்ளே சர்க்கரையும் அமிலமும் மாறுவது தனியாக நடக்கிறது, தோல் நிறம் மாறுவது தனியாக நடக்கிறது. குளிர்நாடுகளில் இரண்டும் தற்செயலாக ஒரே காலத்தில் வருவதால் நிறமும் பழுத்ததும் ஒன்றென்று அங்கே எண்ணினார்கள். அந்த எண்ணத்தைப் பழத்தின் படங்களோடும் விளம்பரங்களோடும் நாமும் வாங்கிக்கொண்டோம். கடத்தூருக்கு இது கண்ணுக்கு நேரே தெரியும் உண்மை. தெற்கே எழுந்து நிற்கும் சேர்வராயன் மலையில், சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் ஏற்காடு இருக்கிறது. ஆயிரம் மீட்டர் ஏறினால் வெப்பம் ஆறு டிகிரிக்கு மேல் குறைகிறது. காப்பித் தோட்டங்களுக்கிடையே நிற்கும் கமலா மரங்களின் பழம் அந்த மலைக்குளிரில் நன்றாக நிறம் ஏறுகிறது. அதே மாதத்தில் கீழே வாணியாற்றுப் பக்கத்துச் சமவெளியில் ஒரு சாத்துக்குடி மரம் நின்றால் அதன் பழம் பச்சையும் வெளிர்மஞ்சளும் கலந்து நிற்கும். இரண்டுக்கும் இடையிலான நிற வித்தியாசத்தில் பெரும்பகுதி இரவின் குளிரிலிருந்து வருவது. அதை வைத்து எந்தப் பழம் முதிர்ந்தது என்று சொல்ல முடியாது.

இதற்கு உலகச் சான்றுகள் நிறைய. வியட்நாமிலும் தாய்லாந்திலும் பச்சைத் தோல் ஆரஞ்சுகளை மக்கள் இனிப்பென்று தெரிந்தே வாங்குகிறார்கள். வாலென்சியா ஆரஞ்சு ஒரு படி மேலே போகிறது. குளிரில் ஆரஞ்சு நிறமாகிவிட்ட பழத்தைப் பறிக்காமல் மரத்திலேயே விட்டால், வசந்தகால வெதுவெதுப்பில் தோல் மறுபடி பச்சையாகிறது. அதற்குள் பழம் மேலும் இனித்திருக்கும். எல்லாவற்றையும் விட வலுவான சான்று சர்வதேச உணவுத் தர அமைப்பான கோடெக்ஸ் 2004-இல் வெளியிட்ட ஆரஞ்சுத் தரவிதி. வெப்பமும் ஈரமும் மிகுந்த பகுதிகளில் விளையும் பழம் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் பச்சையாக இருந்தாலும் தரத்தில் தேறலாம் என்று அது ஒப்புக்கொள்கிறது. நிறத்துக்குப் பதில் சாற்றின் அளவைக் கேட்கிறது. அந்த விதியில் சாத்துக்குடி, மொசம்பி ஆகிய நம் நாட்டு ரகங்களின் பெயரே இடம்பெற்றிருக்கிறது. பச்சை மிகுந்த சாத்துக்குடியில் எடைக்குக் குறைந்தது 33 சதவீதம் சாறு இருந்தால் போதும் என்கிறது அது. உலக வணிகத்துக்கே பச்சைச் சாத்துக்குடி பழமாகத் தெரியும்போது, அது விளையும் மண்ணில் நாம் அதைக் காயென்று ஒதுக்குவது பொருந்தாது.

நிறத்தின் மேல் மோகம் வந்த பிறகு நிறத்தை உண்டாக்கும் தொழிலும் வந்தது. அமெரிக்காவில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பச்சைப் பழங்களை அறையில் அடுக்கி மண்ணெண்ணெய் அடுப்புகளை எரிப்பார்கள். தோல் மஞ்சளாகும். வெப்பம்தான் அதைச் செய்கிறது என்று நம்பினார்கள். அடுப்புப் புகையில் இருந்த எத்திலீன்தான் காரணம் என்று 1924-இல் டென்னி என்ற ஆராய்ச்சியாளர் கண்டு சொன்னார். இன்று வெப்பநிலையைக் கட்டுப்படுத்திய அறைகளில் மிகச் சிறிய அளவில் எத்திலீனைச் செலுத்தித் தோலின் பச்சையைப் போக்குகிறார்கள். புளோரிடாவில் ஆரஞ்சுத் தோலுக்குச் சாயம் பூசுவதற்கே அனுமதி இருந்தது. எத்திலீன் உடலுக்குக் கெடுதல் என்று நான் சொல்லவில்லை. நம் உணவுப் பாதுகாப்பு ஆணையமும் பழங்களுக்கு அதைக் குறிப்பிட்ட அளவுக்குள் அனுமதிக்கிறது, கால்சியம் கார்பைடை மட்டும் தடை செய்திருக்கிறது. எத்திலீன் சாத்துக்குடியின் தோலை மட்டுமே தொடும், உள்ளே ஒன்றையும் மாற்றாது. முதிர்ந்த பச்சைப் பழத்துக்கு அது ஒப்பனை, அவ்வளவுதான். முதிராத காயை முன்பே பறித்து அதே அறையில் வைத்தால் வாங்குபவர் ஏமாறுகிறார். நிறத்துக்குக் காசு கொடுக்கும் வரை இந்த ஏமாற்றுக்கு நாமே கூலி கொடுக்கிறோம்.

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். வீட்டில் பத்து நாள் வைத்திருந்த ஆரஞ்சு முன்பை விட இனித்தது என்று பலர் உறுதியாகச் சொல்கிறார்களே? அவர்கள் நாக்கு பொய் சொல்லவில்லை. பறித்த பின்னும் பழம் மெதுவாகச் சுவாசிக்கிறது. அந்தச் சுவாசத்தில் அமிலம் கொஞ்சம் கொஞ்சமாகச் செலவாகிறது. தோல் வழியாக நீர் ஆவியாகிச் சாறு சற்றே கெட்டியாகிறது. ஆகவே புளிப்பு தணிந்து இனிப்பு தூக்கலாகத் தெரிகிறது. ஆனால் சர்க்கரை கூடவில்லை, மணம் கூடவில்லை. கூடவே நாட்பட்ட பழத்தின் பழைய வாடையும் சேர்ந்து வருகிறது. நல்ல நாளில் பறித்த பழத்தை வைத்திருந்தால் சிறிது காலம் தாங்கும். கெட்ட நாளில் பறித்த பழத்தை வைத்திருந்து நல்லதாக்க முடியாது.

இன்னொரு கேள்வியும் எழும். பச்சை என்பதெல்லாம் முதிர்ச்சி ஆகிவிடுமா? ஆகாது. பச்சைத் தோலுக்குள் முதிராத காயும் இருக்கலாம், நோய் பிடித்த பழமும் இருக்கலாம். எலுமிச்சைக் குடும்பத்தையே உலகின் பல பகுதிகளில் அழித்துவரும் பசுமை நோயில் பழம் சிறுத்து, ஒரு பக்கம் கோணி, அடிப்பக்கம் பச்சையாகவே நின்று கசக்கும். நிறத்தை நம்பாதே என்பதைப் பச்சையை நம்பு என்று புரிந்துகொள்ளக் கூடாது. நம்ப வேண்டிய அடையாளங்கள் வேறு. ஒரே அளவுள்ள இரண்டு பழங்களில் கையில் கனக்கும் பழம் சாறு மிகுந்தது. முதிர்ந்த சாத்துக்குடியின் தோல் மெலிந்து, வழவழப்பாகி, எண்ணெய்ப் புள்ளிகள் பரந்து தெரியும். முதிராததன் தோல் தடித்துச் சொரசொரப்பாக இருக்கும். கமலாவில் தோல் மிகவும் தளர்ந்து உள்ளே காற்று நிற்பது போலிருந்தால், அது காலம் கடந்த பழம். காம்புக் குமிழ் பசுமையாக ஒட்டியிருந்தால் பறித்து அதிக நாளாகவில்லை என்று கொள்ளலாம். கடைக்காரர் வெட்டிக் காட்டும் ஒரு பழத்தைச் சுவைப்பது இவை எல்லாவற்றையும் விட நல்லது. ஆனால் ஒரே மரத்திலும் பழத்துக்குப் பழம் மாறும் என்பதை மறக்கக் கூடாது. புளோரிடாவில் சைட்ஸ், ரைட்ஸ் என்ற இருவர் 1949-50 ஆண்டுகளில் ஒரே மரத்துப் பழங்களை அவை இருந்த இடம் வாரியாகப் பிரித்துச் சோதித்தார்கள். வெளிப்புறத்தில் வெயில் படும் பழம், உள்நிழலில் தொங்கும் பழத்தை விட இனிப்பாக இருந்தது. ஒரு பழத்திலேயே காம்புப் பாதியை விட அடிப்பாதி இனிக்கும்.

ஊர் வழியாக வரும் சரக்கின் மாதங்களை அறிந்திருந்தால் வாங்குபவருக்குப் பாதி வேலை முடிந்தது. நாக்பூரில் ஜனவரி, பிப்ரவரியில் பூத்த ஆரஞ்சு அக்டோபர் பிற்பகுதியிலிருந்து டிசம்பர் வரை பறிப்புக்கு வருகிறது. ஜூன், ஜூலையில் பூத்தது பிப்ரவரியிலிருந்து ஏப்ரல் வரை வருகிறது. பஞ்சாபின் கின்னோவுக்கு ஜனவரி நடுவிலிருந்து பிப்ரவரி நடுவரை உச்சப் பருவம். அதற்கு முன்பே பளபளப்பாக வந்து நிற்கும் கின்னோவில் புளிப்பு மிச்சம் இருக்கும். ஆந்திரத்தின் அனந்தபூர், கடப்பா, தெலங்கானாவின் நல்கொண்டா பக்கமிருந்து வரும் சாத்துக்குடியில் செப்டம்பர், அக்டோபரிலிருந்து வருவது முதிர்ந்த சரக்கு. மழைக்கு முந்திய மாதங்களில் வரும் சரக்கில் விலைக்காக முன்கூட்டிப் பறித்தது கலந்திருக்க வாய்ப்பு அதிகம். மலைக் கமலாக்களுக்கு ஆண்டின் கடைசியும் புத்தாண்டின் தொடக்கமும் நல்ல காலம். இந்த மாதங்களை மனத்தில் வைத்திருப்பவருக்குத் தோலின் நிறம் இரண்டாம்பட்சமாகிவிடும்.

விவசாயியின் பக்கத்திலிருந்து வரும் ஆட்சேபம் இன்னும் கனமானது. காத்திரு என்று எழுதுவது எளிது. வட்டி ஓடுகிறது, கிணறு வற்றுகிறது, குரங்கும் திருட்டும் தோட்டத்தைச் சுற்றுகின்றன, மண்டியில் முதல் சரக்குக்குத்தான் விலை, தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்த வியாபாரி தன் வசதிக்குத்தான் பறிப்பார். இவை அனைத்தும் உண்மை. முன்கூட்டிப் பறிப்பவரைக் குற்றம் சொல்வது என் நோக்கமில்லை, அவரை அதற்குத் தள்ளுவது நிறத்துக்கும் முந்தலுக்கும் பணம் கொடுக்கும் சந்தை. அதே சமயம் மாந்தோப்புக்காரருக்கு இல்லாத ஒரு வசதி சாத்துக்குடித் தோட்டக்காரருக்கு உண்டு. முற்றிய மாம்பழம் மரத்தில் நிற்காது. சாத்துக்குடியும் கமலாவும் முதிர்ந்த பிறகும் சில வாரங்கள் மரத்திலேயே நிற்கும். மரமே கிடங்காக இருப்பதால் விலை சரிந்த வாரத்தில் பறிக்காமல் இருக்க முடியும். இதற்கும் எல்லை உண்டு. நாள் கடந்தால் காம்புப் பக்கத்துச் சாற்றுப் பைகள் இறுகி வறண்டு, சுளை சக்கையாகிவிடும். பெரிய பழங்களிலும் இளமரங்களிலும் இந்தச் சுளை வறட்சி விரைந்து வரும். கமலாவில் தோல் உப்பும், பழம் உதிரும். பழச் சுமையை அதிக நாள் சுமந்த மரம் அடுத்த ஆண்டு குறைவாகப் பூக்கும். ஆகவே தோட்டக்காரருக்கு வேண்டியது தன் தோட்டத்தின் நல்ல வாரங்கள் எவை என்று அளந்து அறியும் வழி. வெறும் பொறுமையால் அது கிடைக்காது.

தண்ணீரும் அந்தக் கணக்கில் சேரும். பறிப்புக்கு முந்திய வாரங்களில் மரம் சற்றே வாடினால் சாறு கெட்டியாகிச் சர்க்கரையும் அமிலமும் இரண்டுமே உயரும். பலத்த மழையோ அளவுக்கு மீறிய பாசனமோ வந்தால் பழம் பருத்துச் சாறு நீர்க்கும். தர்மபுரி மாவட்டத்துக்குத் தென்மேற்கு, வடகிழக்கு என இரண்டு பருவமழையும் உண்டு. சாத்துக்குடியின் முதிர்ச்சிக் காலம் வடகிழக்கு மழையோடு மோதுகிறது. அடைமழை ஓய்ந்த மறுநாளே பறித்த பழம் எடையில் லாபம் தரும், சுவையில் நஷ்டம் தரும். நீரேறி விம்மிய தோலை அழுத்திப் பிடித்தால் எண்ணெய்ப் பைகள் உடைந்து, இரண்டொரு நாளில் தோலில் கறை படியும். பனி காய்ந்த பிறகு, இழுத்துப் பிய்க்காமல் காம்போடு கத்தரித்துப் பறிக்கச் சொல்வதற்கு இதுதான் காரணம்.

எலுமிச்சையை மட்டும் தனியாகப் பார்க்க வேண்டும். அதில் நாம் தேடுவதே புளிப்புதான். சாற்றில் ஆறு, ஏழு சதவீதம் அமிலமுள்ள பழத்தில் சர்க்கரை எவ்வளவு என்று யாரும் கேட்பதில்லை. பூத்து ஐந்தாறு மாதத்தில் அது பறிப்புக்கு வந்துவிடும். அங்கே தரத்தின் அடையாளம் சாற்றின் அளவு, மெல்லிய தோல், மணம். தடித்த தோலோடு கரும்பச்சையாக இருக்கும்போது சாறு குறைவு. வெளிர்பச்சையிலிருந்து மஞ்சளுக்குத் திரும்பும் கட்டத்தில் சாறு நிறைவு. இங்கே பருவத்தின் சிக்கல் வேறு. ஜனவரி, பிப்ரவரிப் பூ மழைக்காலத்தில் பழமாகி விலையை வீழ்த்துகிறது. கோடையில் பழம் வேண்டுமானால் செப்டம்பர், அக்டோபரில் மரம் பூக்க வேண்டும். நீரை நிறுத்தி மரத்தை வாட்டினால்தான் எலுமிச்சை நன்றாகப் பூக்கும், ஆனால் அந்த மாதங்களில் வானம் வாட்ட விடுவதில்லை. அதனால்தான் கோடையில் பழம் அருகிறது. 2022 ஏப்ரலில் இந்தியாவின் பல நகரங்களில் கிலோ இருநூறு ரூபாய்க்கு மேல் விற்றதை மக்கள் மறந்திருக்க மாட்டார்கள். புளியங்குடி போன்ற பெரிய எலுமிச்சைச் சந்தைகளின் ஏற்ற இறக்கமும், பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரி பி.கே.எம்.1 எலுமிச்சை ரகத்தை உருவாக்கியதும் இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டியவை. சாத்துக்குடிக்குக் காத்திருப்பது நல்லது, எலுமிச்சைக்கு நிறம் திரும்பும் நேரத்தில் பறிப்பது நல்லது. பழத்தை எதற்காக வாங்குகிறோம் என்பதைப் பொறுத்துத் தரத்தின் இலக்கணம் மாறும். இரண்டிலுமே பறித்த நாள்தான் முடிவு சொல்கிறது.

சந்தை அத்தனை எளிதில் மாறாது, மக்கள் கண்ணால்தான் வாங்குவார்கள் என்று சொல்பவர்கள் உண்டு. கண்ணுக்கு வேறொன்றைக் காட்டினால் கண் அதைப் பார்க்கும். பிரிக்ஸ் அளக்கும் கைக்கருவி இன்று விலை மலிவு. இரண்டு சொட்டுச் சாறு போதும், ஒரு நிமிடத்தில் எண் தெரிந்துவிடும். அமிலத்தை அளக்கப் பள்ளி ஆய்வகத்தில் செய்யும் காரக் கரைசல் சோதனையே போதும். தோட்டத்தின் பல மரங்களிலிருந்து, வெயில் பக்கமும் நிழல் பக்கமுமாகப் பத்துப் பன்னிரண்டு பழங்களைப் பிழிந்து, வாரம் ஒருமுறை எண்ணைக் குறித்துவந்தால் இரண்டே ஆண்டுகளில் அந்தத் தோட்டத்துக்கென்று ஒரு பறிப்பு நாட்காட்டி உருவாகிவிடும். பாப்பாரப்பட்டியில் இயங்கும் வேளாண் அறிவியல் நிலையம் இந்தக் கருவிகளை விவசாயிகளுக்கு இரவல் கொடுத்து, அளக்கவும் கற்றுக்கொடுக்கலாம். விளைவித்தவரும் வாங்குபவரும் நேருக்கு நேர் சந்திக்கும் உழவர் சந்தைகள் 1999 முதல் நம் மாநிலத்தில் இருக்கின்றன. அங்கே விலைப்பலகையில் பழத்தின் விலைக்குப் பக்கத்தில் பறித்த தேதியையும் பிரிக்ஸ் எண்ணையும் எழுத அதிகச் செலவு ஆகாது. ஒரு பருவம் அப்படி எழுதிப் பார்க்கட்டும். பச்சைத் தோலோடு பத்து என்ற எண்ணைத் தாங்கி நிற்கும் சாத்துக்குடியையும், மஞ்சள் தோலோடு ஏழு என்ற எண்ணைத் தாங்கி நிற்கும் சாத்துக்குடியையும் வாங்கிச் சுவைத்துப் பார்த்த குடும்பம் அடுத்த வாரம் எதைக் கேட்கும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அப்படிக் கேட்பவர்கள் கூடும்போது மண்டியும் அதற்கு விலை வைக்கும். காத்திருந்து பறித்த விவசாயிக்கு அந்தக் காத்திருப்புக்கான கூலி கிடைக்கும். பழத்தின் தரத்தை உயர்த்த நமக்குப் புது ரகமோ புது மருந்தோ உடனடியாகத் தேவையில்லை. மரம் தன் வேலையை முடிக்கும் வரை பறிக்காமல் இருப்பவருக்கு நியாயமான விலை கொடுத்தாலே போதும்.